பெயர் எழுதிய பெட்டிகள்

(அறக்கட்டளையின் விழாச் சொற்பொழிவு அரங்கில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

 

விழா மேடைக்கு உகந்த இனிய பொருள்கள் எத்தனையோ உண்டு. அவற்றை விடுத்து, போலந்து நாட்டில் உள்ள ஆஷ்விட்ஸ் வதைமுகாம் அருங்காட்சியகத்தை ஒரு வழிகாட்டியோடு சுற்றிப் பார்த்ததைப் பற்றிப் பேசுமாறு பொறுப்பாளர்கள் என்னைப் பணித்தார்கள். அவர்கள் கருத்தில் பொருத்தம் உண்டென்றே எண்ணுகிறேன். நம் பிள்ளைகள் பலர் இன்று ஐரோப்பிய நாடுகளில் படிக்கிறார்கள், பணிபுரிகிறார்கள். அவர்களைக் காணச் செல்லும் பெற்றோரின் பயணத் திட்டத்தில் இவ்விடமும் இடம்பெறத் தொடங்கிவிட்டது. அதுவுமன்றி, கொல்லாமையை முதல் விரதமாகக் கொண்ட ஒரு சமுதாயம், கொலை என்பது ஓர் அரசின் அன்றாட அலுவலாக மாறியது எவ்வாறு என்பதையும் அறிந்திருத்தல் வேண்டும்.

முதலில் இடத்தைப் பற்றிச் சில செய்திகள். தெற்குப் போலந்தின் பழம்பெரும் நகரமான கிராக்கோவிலிருந்து மேற்கே ஏறத்தாழ 65 கிலோமீட்டர் தொலைவில் ஓஷ்வியென்சிம் என்னும் சிற்றூர் உள்ளது. 1939இல் போலந்தைக் கைப்பற்றிய ஜெர்மானியர் அவ்வூருக்கு இட்ட பெயரே ஆஷ்விட்ஸ். அங்கிருந்த போலந்துப் படையின் பழைய செங்கல் கட்டடங்களே முகாமாக மாற்றப்பட்டன. 1940ஆம் ஆண்டு ஜூன் 14ஆம் நாள் டார்னுவ் நகரச் சிறையிலிருந்து 728 போலந்து அரசியல் கைதிகள் அங்குக் கொண்டுவரப்பட்டனர். மறு ஆண்டு அக்டோபரில், அங்கிருந்து மூன்று கிலோமீட்டர் தொலைவில் பிர்கெனாவ் என்னும் இரண்டாம் முகாமைக் கட்டத் தொடங்கினர். 1945 ஜனவரி 27 அன்று சோவியத் படை வந்து முகாமை விடுவித்தபோது எஞ்சியிருந்த கைதிகள் ஏறத்தாழ 7,000 பேர். இடைப்பட்ட ஐந்தாண்டுக்கும் குறைந்த காலத்தில் அங்குக் கொண்டுவரப்பட்டோர் ஏறத்தாழ 13 லட்சம் பேர். அவர்களுள் உயிரிழந்தோர் ஏறத்தாழ 11 லட்சம் பேர். இறந்தவர்களில் பத்தில் ஒன்பது பேர் யூதர்கள். போலந்து மக்கள், ரோமா எனப்படும் நாடோடி இனத்தார், சோவியத் போர்க்கைதிகள் ஆகியோரும் பல்லாயிரவராக அங்கு மடிந்தனர்.

இவ்விடத்தைப் பாதுகாக்க வேண்டும் என்று முதலில் முனைந்தவர்கள் அங்கு வதைபட்டு உயிர் பிழைத்தவர்களே. 1947இல் போலந்து நாடாளுமன்றம் இயற்றிய சட்டத்தால் இது அருங்காட்சியகமாயிற்று. தொடக்கக் காலத்தில் வழிகாட்டிகளாக நின்றவர்களும் முன்னாள் கைதிகளே. 1979இல் யுனெஸ்கோ இதனை உலகப் பாரம்பரியச் சின்னங்களுள் ஒன்றாக ஏற்றது. போலந்து மண்ணில் இருப்பதால் இது போலந்துக்காரர் நடத்திய முகாம் என்று எவரும் மயங்கிவிடலாகாது என்பதற்காக, 2007இல் யுனெஸ்கோ பட்டியலில் இதன் பெயர் ஜெர்மன் நாஜி வதைமுகாம், அழித்தொழிப்பு முகாம் என்று தெளிவாக மாற்றி எழுதப்பட்டது.

நுழைவுக்குக் கட்டணம் இல்லை. வழிகாட்டிக்கு மட்டும் கட்டணம் உண்டு, முன்பதிவு தேவை. பார்வையாளர் ஒவ்வொருவருக்கும் காதில் மாட்டும் ஒலிக்கருவி ஒன்று தரப்படுகிறது. வழிகாட்டி தாழ்ந்த குரலில் பேசுவது நம் காதருகே கேட்கிறது. ஆகவே நூற்றுக்கணக்கானோர் நடமாடும் இடத்திலும் காலடி ஓசையைத் தவிர வேறொன்றும் கேட்பதில்லை. எங்களுக்கு வழிகாட்டிய போலந்துப் பெண்மணி மூன்றரை மணி நேரத்தில் ஒருமுறையேனும் குரலை உயர்த்தவில்லை. உருக்கமான சொல் ஒன்றையும் கையாளவில்லை. ஆண்டு, எண், பெயர், கட்டடத்தின் பயன் ஆகியவற்றையே ஒன்றன்பின் ஒன்றாகக் கூறிச் சென்றார். அழச் செய்வது அவர் நோக்கமன்று, அறியச் செய்வதே என்பதைச் சிறிது நேரத்தில் உணர்ந்தோம்.

உழைப்பே விடுதலை தரும் என்னும் பொருளில் ஜெர்மன் மொழியில் எழுதிய இரும்பு வளைவின்கீழ் நுழைகிறோம். அந்த எழுத்துகளைச் செய்தவர்களும் கைதிகளே. அதில் ஓர் எழுத்து தலைகீழாக அமைந்திருக்கிறது. 2009இல் அப்பலகை திருடப்பட்டுப் பின்னர் மீட்கப்பட்டது. இப்போது வாயிலில் தொங்குவது அதன் நகல்.

உள்ளே செங்கல் கட்டடங்கள் வரிசை வரிசையாக நிற்கின்றன. நான்காம் எண் கட்டடத்தின் ஓர் அறையில் மனிதத் தலைமுடி, ஏறத்தாழ இரண்டு டன் எடை, கண்ணாடிக்குப் பின்னே குவிந்து கிடக்கிறது. கொல்லப்பட்ட பெண்களின் தலையிலிருந்து வெட்டி, நெசவுக்கென ஆலைகளுக்கு விற்கச் சேர்த்துவைத்தவை அவை. பின்னல் அவிழாத சடைகளும் அக்குவியலில் உண்டு. அவ்வறையில் படம் எடுக்க அனுமதி இல்லை. எடுக்க எவருக்கும் கை எழுவதுமில்லை.

ஐந்தாம் கட்டடத்தில் பொருள்கள் உள்ளன. மூக்குக்கண்ணாடிகள் ஒரு சிக்கலாய்க் கிடக்கின்றன. ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட காலணிகள், செயற்கைக் கால்கள், பல்லாயிரம் சமையல் பாத்திரங்கள் அங்கே இருக்கின்றன. பாத்திரம் ஏன் என்று நம் பெண்மணிகள் கேட்கக்கூடும். புதிய ஊரில் குடியேற்றப் போகிறோம் என்று சொல்லி அவர்களை ரயிலேற்றினார்கள். குடியேறப் போகிறவர்கள் அடுக்களைச் சாமானை விட்டுவிட்டா செல்வார்கள்? கிரேக்கத்தின் தீவிலிருந்தும் நார்வேயின் துறைமுகத்திலிருந்தும் வந்தவர்கள் குழம்பு வைக்கும் பாத்திரத்தைச் சுமந்து வந்தார்கள்.

அதற்கடுத்துப் பெட்டிகள். ஏறத்தாழ 3,800 பெட்டிகளை இன்றளவும் பாதுகாத்து வருகிறார்கள். அவற்றுள் இரண்டாயிரத்துக்கும் மேற்பட்டவற்றில் வெள்ளைச் சாயத்தால் பெரிய எழுத்துகளில் பெயர் எழுதப்பட்டிருக்கிறது. சிலவற்றில் ஊரும் பிறந்த நாளும் உண்டு. மூட்டை முடிச்சுகள் பின்னால் வந்து சேரும், அடையாளத்துக்குப் பெயர் எழுதுங்கள் என்று சொல்லப்பட்டதை நம்பி எழுதியவை. திரும்பப் பெறுவோம் என்ற நம்பிக்கை இல்லாதவர் பெட்டியில் பெயர் எழுதுவதில்லை. 11 லட்சம் என்னும் எண்ணை நம் மனம் எளிதில் ஏந்திக்கொள்ளாது. ஒரு பெட்டி, ஒரு பெயர், ஒரு பிறந்த ஆண்டு என்று பார்க்கும்போது அவ்வெண் ஒவ்வொரு உயிராகப் பிரிந்து நம் முன் நிற்கிறது.

அவ்வுயிர்களை அங்குக் கொண்டுசேர்த்த முறையையும் சொல்ல வேண்டும். பயணக் கட்டணத்தை ஜெர்மன் ரயில்வே முறைப்படி கணக்கிட்டு வாங்கியது. ஒருவழிப் பயணம், மூன்றாம் வகுப்புக் கட்டணம். பத்து வயதுக்கு உட்பட்ட குழந்தைகளுக்குப் பாதி. நான்கு வயதுக்கு உட்பட்டோருக்குக் கட்டணமில்லை. 400 பேருக்கு மேற்பட்டால் கூட்டப் பயணச் சலுகை. ஏற்றிச் சென்றதோ சரக்குப் பெட்டிகளில். அந்தச் சீட்டைக் கணக்கிட்ட எழுத்தர் எவரையும் தம் கையால் அடித்ததில்லை. மாலையில் வீடு திரும்பித் தம் குழந்தைகளோடு உணவருந்தியிருப்பார். ஹிம்சை என்றால் வாளும் இரத்தமும் என்று எண்ணும் நமக்கு, பேனாவும் கட்டணப் பட்டியலும் ஹிம்சையின் கருவிகள் ஆகும் என்பதை இவ்விடம் காட்டுகிறது. தான் செய்தல், பிறரைக் கொண்டு செய்வித்தல், செய்வதற்கு உடன்படுதல் என்று வினையை மூவகையாகப் பகுத்துச் சொன்ன நம் முன்னோரின் நுட்பம் அங்கு நிற்கையில்தான் எனக்கு முழுமையாய் விளங்கிற்று.

பதினோராம் எண் கட்டடம் முகாமுக்குள் அமைந்த சிறை. அதன் நிலவறையில் 90 சென்டிமீட்டர் நீளமும் அதே அகலமும் உடைய அறைகள் உள்ளன. நால்வரை ஒன்றாக நிறுத்திவைப்பார்கள், உட்காரவும் இயலாது. பட்டினி போட்டுக் கொல்வதற்கென்றும் அங்கே அறை உண்டு. 1941 ஜூலை மாத இறுதியில் ஒரு கைதி தப்பியதற்குத் தண்டனையாகப் பத்துப் பேரைப் பட்டினிச் சாவுக்குத் தேர்ந்தெடுத்தார்கள். அவர்களுள் ஒருவர் தம் மனைவி மக்களை நினைத்துக் கதறினார். மாக்ஸிமிலியன் கோல்பே என்னும் கிறித்தவத் துறவி வரிசையிலிருந்து முன்வந்து, அவருக்குப் பதிலாகத் தாம் செல்வதாகக் கூறினார். இரண்டு வாரம் கழித்தும் உயிர் பிரியாதிருந்த அவரை ஆகஸ்ட் 14 அன்று நச்சு ஊசி போட்டுக் கொன்றார்கள். அவரால் காக்கப்பட்ட பிரான்சிஷெக் கயோவ்னிச்செக் 1995 வரை வாழ்ந்தார்.

உண்ணாநோன்பின் பெருமையை அறிந்த குடும்பங்கள் இங்கே அமர்ந்திருக்கின்றன. அதனால் ஒன்றைச் சொல்லத் துணிகிறேன். நோன்பு வேறு, பட்டினி வேறு. உணவு இருந்தும் தன் விருப்பால் துறப்பது நோன்பு; பிறர் பறித்ததால் வாடுவது பட்டினி. புறத்தே இரண்டும் ஒன்றுபோலத் தோன்றினும், ஒன்று உயிரை உயர்த்துவது, மற்றொன்று உயிரை இழிவுபடுத்த முயல்வது. பட்டினி அறையையும் ஒருவர் தம் துறவால் நோன்பு அறையாக்கிக் கொண்டார் என்பதே கோல்பே அடிகளின் கதை நமக்குச் சொல்வது.

அதே முகாமின் வேலிக்கு அப்பால் ஒரு வீடு. முகாமின் தலைவன் ருடால்ஃப் ஹோஸ் தன் மனைவியோடும் ஐந்து பிள்ளைகளோடும் அங்கு வாழ்ந்தான். தோட்டம் இருந்தது, மலர்கள் இருந்தன. போர் முடிந்தபின் போலந்து நீதிமன்றத்தின் தீர்ப்புப்படி 1947 ஏப்ரல் 16 அன்று, பழைய பிண எரியூட்டு நிலையத்தின் அருகிலேயே அவன் தூக்கிலிடப்பட்டான்.

பின்னர்ப் பேருந்தில் ஏறிப் பிர்கெனாவ் செல்கிறோம். அங்கே காட்சிப் பேழைகள் இல்லை. ஏறத்தாழ 170 ஹெக்டேர் வெட்டவெளியில் முள்வேலித் தூண்களும், இடிந்த மரக்கொட்டகைகளின் செங்கல் புகைபோக்கிகளும் நிற்கின்றன. நடுவே ரயில் தண்டவாளம் வந்து முடிகிறது. 1944 மே மாதம் முதல் ரயில் முகாமுக்கு உள்ளேயே வந்து நின்றது. அக்கோடையில் ஹங்கேரி நாட்டிலிருந்து மட்டும் நான்கு லட்சத்துக்கும் மேற்பட்ட யூதர்கள் வந்து இறங்கினார்கள். நடைமேடையில் ஒரு மருத்துவர் நிற்பார். உழைக்கத் தகுந்தவர் ஒரு பக்கம். முதியோர், நோயாளர், குழந்தைகள், குழந்தையைக் கையில் பிடித்த தாய்மார் மறு பக்கம். மறு பக்கம் சென்றவர்களுக்குக் கையில் எண் குத்தப்படவில்லை, பெயர் பதியப்படவில்லை. குளிக்கச் செல்கிறீர்கள் என்று கூறி நேரே நச்சுவாயு அறைக்கு அழைத்துச் சென்றார்கள். இவ்விடத்துக்குக் கொண்டுவரப்பட்டோரில் சிறுவர் சிறுமியர் மட்டும் இரண்டு லட்சத்துக்கும் மேற்பட்டோர்.

அங்குப் பயன்பட்ட நஞ்சின் பெயர் சைக்ளோன் பி. அது மனிதரைக் கொல்வதற்காகச் செய்யப்பட்டதன்று. பேனையும் பூச்சியையும் ஒழிப்பதற்காகக் கடையில் விற்ற மருந்து. 1941இன் பிற்பகுதியில் சோவியத் போர்க்கைதிகள் மீதும் நோயுற்ற கைதிகள் மீதும் சோதித்துப் பார்த்தபின், அதையே பெருமளவில் கையாண்டார்கள். இதில் ஒரு கருத்து அடங்கியிருக்கிறது. யூதரைப் பூச்சி என்றும் புழு என்றும் எலி என்றும் நாஜிகள் பல்லாண்டுகளாகப் பேச்சிலும் ஏட்டிலும் படத்திலும் பழித்துவந்தார்கள். முதலில் சொல் வந்தது; அச்சொல்லுக்கேற்ற மருந்து பின்னர் வந்தது. பூச்சியை நினைத்த மாத்திரத்தில் நசுக்கலாம் என்று பழகிய உலகில், மனிதனைக் கொல்வதற்கு முன் அவனுக்குப் பூச்சி என்று பெயரிட்டால் போதும். பேனையும் எறும்பையும் மூவறிவுயிர் என்று எண்ணிப் பெயரிட்டு, அவற்றையும் உயிர்க்கணக்கில் சேர்த்துவைத்த மரபினர் நாம். அந்த மரபை நகைப்பவர்களும் உண்டு. உயிர்க்கணக்கின் கடைசிப் படியைக் காத்துவைத்தால், மேற்படியில் நிற்பவரைக் கீழே தள்ளிக் கொல்வதற்கு இடமிராது என்பதே அதன் பொருள் என்று நான் அவர்களுக்கு விடையளிப்பேன்.

ஆயினும் இதைச் சொல்லி நாம் பெருமை கொண்டு அமர்ந்துவிடலாகாது. ஹிட்லர் புலால் உண்ணாதவராமே என்று நம்மிடையே சிலர் வியந்து பேசக் கேட்டிருக்கிறேன். பிற்காலத்தில் அவர் பெரும்பாலும் புலாலைத் தவிர்த்தார் என்பது உண்மைதான். இன்னொன்றும் உண்மை. ஆட்சிக்கு வந்த 1933ஆம் ஆண்டிலேயே, நவம்பர் மாதம், விலங்குகளை வதைப்பதைத் தடுக்க விரிவான சட்டம் ஒன்றை அவ்வரசு இயற்றிற்று. அதே அரசுதான் ஆஷ்விட்ஸையும் கட்டிற்று. உணவில் காத்த ஒழுக்கம் உள்ளத்தில் கருணையாக மாறாவிட்டால் அதற்குப் பயனில்லை என்பதற்கு இதனினும் கொடிய சான்று வேண்டா. நம் நாட்டுப் புத்தகக் கடைகளில் அவரது தன்வரலாறு இன்றும் நன்றாக விற்கிறது. கண்டிப்பான தலைவருக்கு உதாரணமாக அவர் பெயரைச் சொல்லும் வழக்கமும் நம்மிடம் இருக்கிறது. அப்பெட்டிகளின் முன்பு நின்று வந்தவர் அப்பெயரை அவ்வாறு உச்சரிக்க மாட்டார்.

இவையெல்லாம் ஒரே நாளில் நிகழ்ந்தவை அல்ல. 1933இல் ஜெர்மனியின் மக்கள் தொகையில் யூதர் நூற்றுக்கு ஒருவர்கூட இல்லை. அவ்வாண்டு ஏப்ரல் முதல் நாள் அவர்களுடைய கடைகளைப் புறக்கணிக்குமாறு கட்டளை பிறந்தது. 1935இல் குடியுரிமை பறிக்கப்பட்டது. 1938 நவம்பரில் அவர்களுடைய கோயில்கள் கொளுத்தப்பட்டன. 1941இல் மஞ்சள் நிற விண்மீனை ஆடையில் தைத்துக்கொள்ள வேண்டும் என்று ஆணை வந்தது. அதன் பிறகே முகாம்களுக்கு ரயில்கள் புறப்பட்டன. ஒவ்வொரு படியிலும், இது இத்தோடு நின்றுவிடும் என்று அண்டை வீட்டார் எண்ணியிருப்பார்கள். எண்ணிக்கையில் மிகச் சிறிய சமுதாயத்தைச் சேர்ந்தவர்கள் இவ்வரலாற்றைப் படிக்கும்போது, துன்புற்றவர் இடத்தில் தம்மை வைத்துப் பார்ப்பது இயல்பு. அண்டை வீட்டார் இடத்திலும் தம்மை வைத்துப் பார்ப்பது அறம். அவ்வூரில் எந்தக் குழுவுக்கு நாம் அண்டை வீட்டார், நம் மௌனத்தை எவர் எதிர்பார்க்கிறார் என்னும் வினாவை நாமே நம்மிடம் கேட்டுக்கொள்ள வேண்டும்.

இனி, நம் குடும்பங்களுக்கு நேரே தொடர்புள்ள ஒரு செய்தி. அங்குள்ள படங்களில் கொடியிலும் சீருடையிலும் ஒரு சின்னத்தைக் காண்பீர்கள். பார்த்ததும் நம் குழந்தைகள் திடுக்கிடுவார்கள். ஜினாலயத்தில் அரிசியால் நாம் வரையும் சுவஸ்திகம் இங்கு எப்படி வந்தது என்று கேட்பார்கள். விடை சொல்ல ஆயத்தமாகச் செல்லுங்கள். நமக்கு அது நால்வகைக் கதிகளை நினைவூட்டுவது. ஏழாம் தீர்த்தங்கரர் சுபார்சுவநாதரின் இலாஞ்சனம். ஜெர்மானியர் தம் சின்னத்தைக் கொக்கிச் சிலுவை என்னும் பொருள்படும் வேறொரு பெயராலேயே அழைத்தார்கள். 1920இல் நாஜிக் கட்சி அதைத் தன் கொடியில் கொண்டது. ஜெர்மனியில் இன்று அதைப் பொதுவெளியில் பயன்படுத்துவது தண்டனைக்குரியது. வெளிநாட்டில் நம் வீட்டு வாயிலில் சுவஸ்திகத்தைக் கண்டு அண்டை வீட்டு முதியவர் ஒருவர் முகம் வெளிறினால், சினம் கொள்ளாதீர்கள். நம் சின்னம் தூயது என்பது உண்மை. அவருடைய அச்சத்துக்குக் காரணம் உண்டு என்பதும் உண்மை. ஓர் உண்மையைக் கொண்டு மற்றோர் உண்மையை மறுக்கக் கூடாது என்பதே அநேகாந்தம். அவரை உள்ளே அழைத்து, அமரச் செய்து, நம் பொருளைச் சொல்லுங்கள்; அவர் சொல்வதையும் கேளுங்கள்.

பிர்கெனாவின் கோடியில், இடிபாடுகளுக்கு அருகே நினைவுச் சின்னம் ஒன்று உள்ளது. எரியூட்டு நிலையங்களைப் பெரும்பாலும் நாஜிகளே, தடயத்தை அழிக்க எண்ணி, 1945 ஜனவரியில் வெடிவைத்துத் தகர்த்தார்கள். அவற்றுள் ஒன்று மட்டும் 1944 அக்டோபர் 7 அன்று, அங்கு வேலை வாங்கப்பட்ட கைதிகள் நடத்திய கிளர்ச்சியில் தீக்கிரையாயிற்று. அதற்கு வெடிமருந்தைச் சிறிது சிறிதாக மறைத்துக் கடத்திக் கொடுத்த நான்கு இளம்பெண்களை 1945 ஜனவரி 6 அன்று தூக்கிலிட்டார்கள். முகாம் விடுவிக்கப்பட அப்போது மூன்று வாரங்களே இருந்தன.

அந்நினைவிடத்தில் முன்பு வைத்திருந்த பலகைகள் இறந்தோர் தொகையை 40 லட்சம் என்று கூறின. பின்னர் அருங்காட்சியகத்தின் வரலாற்றறிஞர்களே ரயில் பட்டியல்களை ஒப்பிட்டு ஆராய்ந்து, 11 லட்சம் என்று கணித்தார்கள். 1990களில் பழைய பலகைகள் அகற்றப்பட்டுப் புதியவை பதிக்கப்பட்டன. தம் துயரத்தின் அளவைத் தாமே திருத்திக் குறைத்துக்கொள்ளும் நேர்மை எளிதன்று. மிகைப்படுத்திய எண்ணால் இறந்தவர்க்குப் பெருமை சேர்வதில்லை. பொய்யாமையே அவர்களுக்குச் செலுத்தும் உண்மையான அஞ்சலி.

செல்ல விரும்புவோர்க்குச் சில குறிப்புகள். பதினான்கு வயதுக்கு உட்பட்ட குழந்தைகளுக்கு இவ்விடம் ஏற்றதன்று என்று அருங்காட்சியகமே அறிவுறுத்துகிறது, அதை மதியுங்கள். பெரிய பைகளுக்கு அனுமதி இல்லை. வழிகாட்டியோடே செல்லுங்கள், தனியே சென்றால் கட்டடங்கள் தெரியும், அவற்றின் பொருள் தெரியாது. தண்டவாளத்தின்மேல் நின்று சிரித்துப் படம் எடுப்போரைக் காண்பீர்கள், அவ்வாறு செய்யாதீர்கள். அன்று மாலை வேறு கேளிக்கை எதையும் வைத்துக்கொள்ள வேண்டா. பிள்ளைகள் கேட்கும் வினாக்களுக்கு அமர்ந்து விடை சொல்ல நேரம் ஒதுக்குங்கள்.

செல்ல இயலாதவர்களுக்கும் ஒரு வேண்டுகோள் உண்டு. நம் வீட்டுக் கூடத்திலோ, உறவினர் கூடும் திருமணப் பந்தலிலோ, கைப்பேசியில் வந்து சேரும் செய்தியிலோ, ஏதேனும் ஒரு மக்கட் கூட்டத்தைப் புழு என்றோ பூச்சி என்றோ எவரேனும் குறிப்பிட்டால், அவர் நமக்கு எத்துணை நெருங்கியவராயினும், அங்கேயே மறுத்துச் சொல்லுங்கள். அச்சொல்லைத் தடுப்பதற்குப் பெரிய வீரம் வேண்டியதில்லை. அதை விட்டுவிட்ட பிறகு தடுக்க வேண்டியிருந்தவற்றுக்கே உயிரைக் கொடுக்க வேண்டியிருந்தது.

 எல்லா உயிரும் இனிது வாழ்க.